இரண்டாம் பாகம் எழுத உட்கார்ந்திருக்கும் உதவி இயக்குநர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள கோடம்பாக்கத்து உதவி இயக்குநர்களுக்கு,

மார்ட்டின் ரிக்ஸ் இரண்டாம் பாகத்தின் முடிவில் செத்துப்போக வேண்டியவன். அவனையும் அவனுடைய கூட்டாளி ரோஜர் மர்ட்டாவையும் உண்டாக்கிய ஷேன் பிளாக், நாவலாசிரியர் வாரன் மர்ஃபியோடு சேர்ந்து எழுதிக் கொடுத்த முதல் வரைவில் அப்படித்தான் இருந்தது. வரைவுக்கு 'ப்ளே டர்ட்டி' என்று பெயர். இருட்டு அதிகம், ரத்தம் அதிகம், எல்லாவற்றுக்கும் மேலாக நாயகன் சாகிறான் என்று தயாரிப்புத் தரப்பு அதை ஏற்கவில்லை. பிளாக் விலகிக்கொண்டார். ஜெஃப்ரி போம் வந்து மாற்றி எழுதினார்; படத்தில் திரைக்கதைக்கு அவர் பெயரும் கதைக்கு மற்ற இருவர் பெயரும் வருகின்றன. 1989 ஜூலை 7 அன்று அமெரிக்காவில் வெளியான 'லீத்தல் வெப்பன் 2' படத்தில் ரிக்ஸ் குண்டடிபட்டு விழுகிறான், மர்ட்டா அவனை மடியில் தாங்கிக்கொள்கிறார், இருவரும் சிரிக்கிறார்கள். ரிக்ஸ் பிழைத்துக்கொள்கிறான்.

உங்களில் பலர் இப்போது ஏதோ ஒரு படத்தின் இரண்டாம் பாகத்துக்கான டிஸ்கஷனில் இருப்பவர்கள். 'சிங்கம்' 2010-இல் வந்து 2013-லும் 2017-லும் திரும்ப வந்தது. 'சாமி' 15 ஆண்டுகள் கழித்து 2018-இல் வந்தது. 'இந்தியன்' 28 ஆண்டுகள் காத்திருந்து 2024-இல் வந்தது. இவற்றில் எதைப்பற்றிப் பேசினாலும் யாராவது ஒருவரின் நண்பர் அந்த அறையில் இருப்பார். அதனால் இந்த மடல் யாருக்கும் நண்பரில்லாத தூரத்துப் படம் ஒன்றை எடுத்துக்கொள்கிறது. இரண்டு போலீஸ்காரர்களை ஒரே காரில் உட்காரவைக்கும் படங்களின் இரண்டாம் பாகங்களில், மிகச் சரியாக வந்ததும் மிகத் தவறாகப் போனதும் ஒரே படத்துக்குள் இருப்பது இதில்தான்.

முதலில் அவர்களுக்கு இருந்த சிக்கல். 1987-இல் வந்த முதல் பாகத்தில் ரிக்ஸ் மனைவியை இழந்தவன், கடற்கரையில் ஒரு டிரெய்லர் வீட்டில் நாயோடு தனியாகக் கிடப்பவன், கிறிஸ்துமஸ் காலத்தில் துப்பாக்கியை வாயில் வைத்துப் பார்ப்பவன். மர்ட்டா அப்போதுதான் 50 வயதைத் தொட்டவர். மனைவி, மூன்று பிள்ளைகள், வீடு, கடலில் ஓட்ட ஒரு படகு. வாழவேண்டியவருக்குச் சாகத் துடிப்பவன் கூட்டாளி. படத்தின் எல்லாச் சண்டைக் காட்சிக்கும் அடியில் ஓடிய கேள்வி, இவன் இந்தமுறை வேண்டுமென்றே செத்துவிடுவானோ என்பதுதான். கடைசியில் தற்கொலைக்கென்று வைத்திருந்த தோட்டாவை மர்ட்டா வீட்டில் கொண்டுபோய்க் கொடுக்கிறான் ரிக்ஸ். கேள்விக்கு விடை கிடைத்தாயிற்று. 1.5 கோடி டாலரில் எடுத்த படம் உலகம் முழுக்க 12 கோடி டாலர் வசூலித்தும் ஆயிற்று. இனி எதை வைத்து ஓட்டுவது?

குணமாகிவிட்டவனைத் திரும்பவும் நோயாளி ஆக்குவது ஒரு வழி. 'லீத்தல் வெப்பன் 2' வந்த அடுத்த ஆண்டு, 1990-இல், வால்டர் ஹில் அதைத்தான் செய்தார். 1982-இல் வந்த அவருடைய '48 அவர்ஸ்' தான் போலீஸ்காரனும் அவனுக்குக் கொஞ்சமும் ஒத்துப்போகாத ஒருவனும் சேர்ந்து அலையும் படங்களுக்கு எண்பதுகளில் வாசலைத் திறந்துவிட்டது. அதன் இரண்டாம் பாகத்தில், முதல் படத்தில் அடித்துக்கொண்டு நண்பர்களான நிக் நோல்டேயும் எடி மர்ஃபியும் மறுபடி முதலிலிருந்து அடித்துக்கொள்கிறார்கள். பார்ப்பவனுக்கு, இதுதான் போனமுறையே முடிந்துவிட்டதே என்று தோன்றிவிடுகிறது.

'லீத்தல் வெப்பன்' இயக்குநர் ரிச்சர்ட் டானர் அந்தப் பக்கம் போகவில்லை. இரண்டாம் பாகம் என்றால் என்ன வலி என்று அவருக்குத் தெரியும். 1978-இல் 'சூப்பர்மேன்' எடுத்தபோதே அதன் இரண்டாம் பாகத்தில் பெரும்பகுதியையும் எடுத்துவைத்திருந்தார். தயாரிப்பாளர்களோடு மோதலாகி, படத்தை முடிக்கும் வேலை ரிச்சர்ட் லெஸ்டருக்குப் போனது. 'லீத்தல் வெப்பன் 2' அவர் கையில் முழுசாக இருந்த இரண்டாம் பாகம். நட்பு உண்டாகிவிட்டது என்பதை அவர் சிக்கலாகப் பார்க்காமல் முதலீடாக எடுத்துக்கொண்டார்.

எப்படி என்று முதல் காட்சியிலேயே தெரியும். அறிமுகம் கிடையாது, நாயகன் என்ட்ரி கிடையாது. பாதித் துரத்தலில் படம் தொடங்குகிறது. ரிக்ஸ் குஷியில் காரின் டாஷ்போர்டைக் குத்திக் கத்துகிறான். ஓட்டுகிறவர் மர்ட்டா, ஓட்டுவது அவர் மனைவியின் ஸ்டேஷன் வேகன். அதற்கு ஒவ்வொரு கீறல் விழும்போதும் அவர் முகம் வீட்டில் என்ன பதில் சொல்வது என்று கணக்குப் போடுகிறது. யார் பிடிப்பார்கள் என்று சக போலீஸ்காரர்கள் ரேடியோவில் பந்தயம் கட்டுகிறார்கள். ஓடிய பி.எம்.டபிள்யூ கார் மோதி நின்றதும் அதன் டிக்கியைத் திறந்தால் உள்ளே குவியல் குவியலாக க்ரூகராண்ட், அதாவது தென்னாப்பிரிக்கத் தங்கக் காசுகள். ஒரு அவுன்ஸ் தங்கம் கொண்ட அந்தக் காசை இறக்குமதி செய்ய அமெரிக்கா 1985-லேயே தடை போட்டிருந்தது. இத்தனையும் சில நிமிடங்களில். இருவரின் உறவு, வீட்டு நிலவரம், ஸ்டேஷன் சூழல், கதையின் முதல் முடிச்சு எல்லாம் ஒரே துரத்தலுக்குள் வந்துவிடுகின்றன. யாரும் யாரைப்பற்றியும் விளக்கிப் பேசவில்லை. சீன் ஆர்டர் போடும் உங்களுக்கு இதன் அருமை தெரியும்.

படத்தின் உச்சம் என்று பலரும் சொல்வது அந்தக் கழிப்பறைக் காட்சியைத்தான். அது சரியான தீர்ப்பும்கூட. மர்ட்டா தன் வீட்டுக் கழிப்பறையில் உட்கார்ந்திருக்கிறார். கீழே வெடிகுண்டு. எழுந்தால் வெடிக்கும். கால் மரத்துப்போகும் அளவுக்கு உட்கார்ந்த பிறகுதான் ரிக்ஸ் வந்து கதவைத் திறக்கிறான். யாருக்கும் தெரியாமல் அமுக்கமாக முடித்துவிடு என்று மர்ட்டா கெஞ்சுகிறார். அடுத்த சில நிமிடங்களில் வாசலில் வெடிகுண்டு நிபுணர்கள், தீயணைப்பு வண்டி, அக்கம்பக்கத்தார், ஏறக்குறைய ஊரே கூடிவிடுகிறது. 'லீத்தல் வெப்பன் 2' முதல் பாகத்தைவிடப் பெரிதாக எடுத்த படம்தான். ஆனால் அதன் ஆகச்சிறந்த காட்சி ஒரு குளியலறையில், ஒருவர் உட்கார்ந்தபடி, இன்னொருவன் பக்கத்தில் குந்தியபடி நடக்கிறது. நிபுணர்கள் தயாரானதும் ரிக்ஸ் வெளியே போகவில்லை. மூன்று எண்ணியதும் குதிப்பதா, மூன்று எண்ணும்போதே குதிப்பதா என்று இருவரும் தகராறு செய்கிறார்கள். கையைப் பிடித்துக்கொண்டு பக்கத்திலிருந்த குளியல் தொட்டிக்குள் பாய்கிறார்கள். பீங்கான் கோப்பை வெளியே பறக்கிறது.

இந்தக் காட்சியை முதல் பாகத்தில் எழுதியிருக்க முடியாது என்பதைக் கவனியுங்கள். முதல் பாகத்து ரிக்ஸ் அங்கே நின்றிருந்தால், சாக நல்ல இடம் கிடைத்தது என்று நின்றிருப்பான். இவன் நிற்பது மர்ட்டாவுக்காக. முன்னால் கட்டிய உறவு இருந்தால்தான் வேலை செய்யக்கூடிய காட்சி. இரண்டாம் பாகத்துக்கென்றே உரிய காட்சி என்று ஒன்று உண்டென்றால் அது இதுதான். உங்கள் ஒன்லைனில் இப்படி ஒரு காட்சியாவது இருக்கிறதா என்று தேடிப் பாருங்கள். முதல் படம் பார்க்காதவனுக்கும் அதே அளவு பிடிக்கக்கூடிய காட்சிகள் மட்டுமே இருந்தால், நீங்கள் எழுதுவது அந்தப் படத்தின் இரண்டாம் பாகமே அல்ல, வேறொரு படம்.

லீட் வைப்பதிலும் போம் கெட்டிக்காரர். இந்தத் தொழில் நுணுக்கத்துக்காகவே திரைக்கதையை உட்கார்ந்து பிரித்துப் பார்க்கலாம். மர்ட்டா வீட்டில் கூடுதல் அறை கட்டும் தச்சுவேலை நடக்கிறது. அங்கே கிடக்கும் ஆணி அடிக்கும் துப்பாக்கி பின்னால் அவர் உயிரைக் காப்பாற்றுகிறது. ரிக்ஸ் ஸ்டேஷனில் பந்தயம் கட்டி, தோள்மூட்டைத் தானே கழற்றிக்கொண்டு, கைகளைப் பிணைத்துக் கட்டும் சட்டையிலிருந்து வெளியே வருகிறான், எல்லோரும் சிரிக்கிறார்கள். பிறகு அதே மாதிரி கட்டி அவனைத் தண்ணீரில் போடுகிறார்கள், அதே வித்தைதான் அவனை மேலே கொண்டுவருகிறது. மர்ட்டாவின் மகள் ரியான் நடித்த விளம்பரம் முதன்முதலாகத் தொலைக்காட்சியில் வருகிறது என்று குடும்பமே பெருமையோடு கூடி உட்காருகிறது. பார்த்தால் அது ஆணுறை விளம்பரம். அந்த நகைச்சுவைக்கு உயிர்காக்கும் வேலை எதுவும் இல்லை. மர்ட்டாவை ஸ்டேஷனில் எல்லோரும் ஓட்டுவதற்கு மட்டும் பயன்படுகிறது, அது போதும்.

பிறகு லியோ கெட்ஸ். ஜோ பெஷி 'குட்ஃபெல்லாஸ்' படத்துக்கு ஆஸ்கர் வாங்குவதற்கு முன் நடித்த பாத்திரம். போதைமருந்து வியாபாரிகளின் கறுப்புப் பணத்தை வெள்ளையாக்கி, அதில் தானும் கொஞ்சம் சுருட்டிக்கொண்ட கணக்காளர். அரசுத் தரப்புச் சாட்சி. அவரைக் காவல் காக்கும் வேலை நம் இருவர் தலையில் விழுகிறது. வாய் ஓயாத மனிதர். காரிலிருந்தபடியே சாப்பாடு வாங்கும் ஜன்னல்களில் எப்படி ஏமாற்றுகிறார்கள் என்று அவர் பொருமுவது இன்றைக்கும் அமெரிக்கர்கள் சொல்லிச் சிரிக்கும் பகுதி. நண்பர்களாகிவிட்ட இருவருக்கு நடுவில் உரசல் இல்லாமல் போய்விட்ட இடத்தில் மூன்றாவதாக ஒரு ஆளைச் செருகியது சாமர்த்தியம். அவரைக் கண்டால் இருவருக்கும் ஒரே எரிச்சல், அந்த எரிச்சலில் அவர்கள் ஒரே கட்சி ஆகிவிடுகிறார்கள். ஆனால் மூன்றாம், நான்காம் பாகங்களுக்கும் லியோவைக் கூட்டிக்கொண்டு போனார்கள், அங்கே அவர் வெறும் சத்தம்.

இனி வில்லன். படத்தின் துணிச்சலும் சோம்பேறித்தனமும் ஒரே இடத்தில் குடியிருப்பது இங்கேதான், அதனால் இந்த மடல் இங்கே கொஞ்சம் நிற்கும்.

ஜாஸ் ஆக்லண்ட் நடிக்கும் ஆர்யென் ரட், லாஸ் ஏஞ்சல்ஸ் தென்னாப்பிரிக்கத் துணைத் தூதரகத்தின் உயர் அதிகாரி. போதைமருந்து, தங்கம், கொலை எல்லாம் செய்துவிட்டுத் தூதரக விலக்குரிமை என்று அட்டையைக் காட்டுகிறார். போலீஸ்காரர்கள் கைகட்டி நிற்க வேண்டியதுதான். 1989-இல் தென்னாப்பிரிக்கா கற்பனை நாடு இல்லை. நிறவெறிச் சட்டங்கள் அமலில் இருந்தன, நெல்சன் மண்டேலா சிறையில் இருந்தார். படம் வெளியாவதற்கு இரண்டு நாள் முன்புதான், ஜூலை 5 அன்று, அதிபர் பி. டபிள்யூ. போத்தா மண்டேலாவை ரகசியமாக அழைத்துத் தேநீர் கொடுத்துப் பேசினார். 1986-இல் அமெரிக்க நாடாளுமன்றம், அதிபர் ரீகனின் வீட்டோவைத் தாண்டி, தென்னாப்பிரிக்கா மீது பொருளாதாரத் தடைச் சட்டத்தை நிறைவேற்றியிருந்தது. இந்தச் சூட்டில் ஒரு கோடைக்கால மசாலாப் படம், பெயர் மாற்றாமல், கொடி மாற்றாமல் அந்த அரசையே வில்லனாக நிறுத்தியது. நம் ஊர்க்காரர்களுக்கு இது அந்நிய விவகாரமும் இல்லை. தென்னாப்பிரிக்காவோடு வணிக உறவை முதலில் முறித்துக்கொண்ட நாடு இந்தியா, 1946-இல். பல பத்தாண்டுகள் இந்தியக் கடவுச்சீட்டு அந்த நாட்டுக்குச் செல்லாது என்று அச்சிட்டே வந்தது.

மர்ட்டாவாக நடித்த டேனி கிளவருக்கு இது இன்னும் சொந்த விஷயம். நிறவெறி எதிர்ப்பு இயக்கத்தில் முன்னால் நின்றவர் அவர். 1987-இல் தொலைக்காட்சிப் படம் ஒன்றில் மண்டேலாவாகவே நடித்திருந்தார். அதே மனிதர் மர்ட்டாவாக, தூதரகத்தின் விசா கவுண்டருக்குப் போய், தென்னாப்பிரிக்காவில் குடியேற விரும்புவதாகச் சொல்கிறார். எதிரே இருக்கும் அதிகாரிக்கு முகம் வெளிறுகிறது. நீங்கள் கறுப்பராயிற்றே என்று சொல்லவும் முடியாமல் சொல்லாமல் இருக்கவும் முடியாமல் அவர் தவிக்க, மர்ட்டா ஒன்றும் புரியாதவர்போலக் கேட்டுக்கொண்டே போகிறார், பிறகு குரலை உயர்த்திப் பெரிய ரகளை செய்கிறார். அந்த இரைச்சலில் ரிக்ஸ் உள்ளே நுழைந்து ரட்டின் அறைக்குப் போய்விடுகிறான். ஒரு நாட்டின் கொள்கை எவ்வளவு அபத்தமானது என்று பிரசங்கம் செய்யாமல், ஒரு விண்ணப்பப் படிவத்தை வைத்துக் காட்டிவிட்டார்கள். திட்டமும் நடக்கிறது, சிரிப்பும் வருகிறது, அரசியலும் பேசியாகிவிடுகிறது.

இதை 'சிங்கம் 2' படத்தின் கடத்தல்காரன் டேனியோடு வைத்துப் பாருங்கள். அவன் ஆப்பிரிக்கன் என்பது கதைக்கு என்ன செய்கிறது? பெரிய உடம்பும் அந்நிய முகமும் தவிர வேறொன்றும் இல்லை. அவன் நாட்டை மாற்றினாலும் ஒரு சீன்கூட மாறாது. ரட்டின் நாட்டை மாற்றினால் அந்த விசா கவுண்டர் காட்சி இல்லை, தங்கக் காசு இல்லை, கதையின் பாதி இல்லை.

ஆனால் அந்தத் துணிச்சல் விசா கவுண்டரோடு முடிந்துவிடுகிறது. ரட் செய்யும் குற்றம் கடைசியில் வழக்கமான போதைக் கடத்தல்தான். நிறவெறி அவர்மேல் பூசிய வண்ணமாக நிற்கிறது. அவரைச் சுட்டால் கைதட்ட நமக்குக் கூடுதலாக ஒரு காரணம், அவ்வளவே. நிறவெறியில் நசுங்கிய தென்னாப்பிரிக்கக் கறுப்பர் ஒருவர்கூடக் கதையில் பாத்திரமாக இல்லை. அதே ஆண்டு யூசான் பால்சி இயக்கிய 'எ டிரை ஒயிட் சீசன்' அந்த மனிதர்களைப் பற்றித்தான் இருந்தது. அதைப் பார்த்தவர்கள் எத்தனை பேர் என்பது வேறு கதை. மசாலாப் படத்தில் இதையெல்லாம் எதிர்பார்க்கலாமா என்று கேட்பீர்கள். விசா கவுண்டர் காட்சியை எழுதத் தெரிந்தவர்களிடம் எதிர்பார்க்கலாம்.

சட்டத்திலும் ஓட்டை இருக்கிறது. தூதர்களுக்கான வியன்னா ஒப்பந்தம் 1961-இல் வந்தது. துணைத் தூதரக அதிகாரிகளுக்கென்று தனியாக இன்னொரு ஒப்பந்தம் 1963-இல் வந்தது. தலைநகரில் இருக்கும் தூதருக்குக் கிடைக்கும் முழுப் பாதுகாப்பு, வேறு நகரத்தில் இருக்கும் துணைத் தூதரக அதிகாரிக்குக் கிடையாது. அலுவல் சார்ந்த செயல்களுக்குத்தான் அவருக்கு விலக்கு. கடுமையான குற்றம் என்றால், நீதிமன்ற உத்தரவோடு கைது செய்யலாம். ரட் உட்கார்ந்திருப்பது வாஷிங்டனில் இல்லை, லாஸ் ஏஞ்சல்ஸில். அதாவது, படத்தின் மொத்தக் கட்டடமும் நிற்கும் தூண் நிஜத்தில் பாதி உயரம்தான்.

படம் பார்க்கிறவன் இதையெல்லாம் பார்க்கமாட்டான் என்று டிஸ்கஷனில் ஒரு குரல் வரும். பார்க்கமாட்டான்தான். நஷ்டம் எழுதுபவனுக்கு. நிஜ விதிகளைப் படித்திருந்தால், விரும்பத்தகாதவர் என்று அறிவித்து அதிகாரியை நாட்டைவிட்டு வெளியேறச் சொல்லும் வழி அரசாங்கத்திடம் இருக்கிறது என்பது தெரிந்திருக்கும். வெளியேற்றினால் ரட் விமானம் ஏறித் தப்பிவிடுவார். அவர் குற்றவாளி என்று வாஷிங்டனை நம்பவைத்தால் ஆளைக் கோட்டை விட வேண்டும். நம்பவைக்காவிட்டால் அவர் இங்கேயே கொல்வார். கடிகாரத்தோடு ஓடும் ஓர் அருமையான இரண்டாம் பாதி அங்கே சும்மா கிடந்தது. யாரும் எடுக்கவில்லை. எடுத்தது, விலக்குரிமை என்று அட்டையை உயர்த்திக் காட்டும் ரட்டை மர்ட்டா நெற்றியில் சுட்டு, அது ரத்தாகிவிட்டது என்று சொல்லும் பன்ச். தியேட்டர் அதிர்ந்திருக்கும், சந்தேகமில்லை. இன்றும் அந்த ஒரு வரிக்காகவே படத்தை நினைவு வைத்திருப்பவர்கள் உண்டு.

அந்தச் சூட்டுக்கு முன் அவர்கள் செய்வதையும் சொல்லவேண்டும். ரிக்ஸ், மலைச்சரிவில் தூண்கள்மேல் நிற்கும் ரட் கும்பலின் வீட்டுத் தூணில் கயிற்றைக் கட்டி, வண்டியால் இழுத்து வீட்டையே சரித்துவிடுகிறான். கணினி வரைகலைக்கு முந்தைய காலத்துச் சரிவு. மரம் முறிவதையும் தூசி கிளம்புவதையும் பார்க்கும்போது வயிற்றில் ஏதோ செய்கிறது. வாரண்ட் இல்லை, அனுமதி இல்லை. மர்ட்டாவும், இன்று இரவு நான் போலீஸ்காரன் இல்லை என்ற தினுசில் கிளம்பிவிடுகிறார். அது 1989. 1991 மார்ச் 3 இரவு, அதே லாஸ் ஏஞ்சல்ஸ் போலீஸ் ராட்னி கிங் என்ற கறுப்பரை அடித்து நொறுக்கியதை ஒருவர் தன் வீட்டு பால்கனியிலிருந்து வீடியோ எடுத்தார்; உலகம் பார்த்தது. அதற்குப் பிறகு அந்தச் சீருடையின் விதி மீறலைப் பார்த்துப் பழையபடி விசிலடிப்பது எல்லோருக்கும் சுலபமாக இல்லை. என்கவுன்டருக்குக் கைதட்டப் பழகிய நம் திரையரங்குகளுக்கும், சாத்தான்குளம் காவல் மரணங்களுக்குப் பிறகு, இது புரியாத விஷயம் இல்லை.

ஆனாலும் இந்தப் படத்தின் பெரிய பிழை அரசியலிலோ சட்டத்திலோ இல்லை. ரிக்ஸின் மனைவியிடம் இருக்கிறது.

முதல் பாகத்தில் விக்டோரியா கார் விபத்தில் செத்தவள். விபத்து, அவ்வளவுதான். பழிவாங்க ஆள் இல்லாத துக்கம். அதனால்தான் ரிக்ஸ் துப்பாக்கியைத் தன் பக்கமே திருப்பினான். இரண்டாம் பாகத்தில் ரட்டின் அடியாள் வோர்ஸ்டெட், கட்டிப்போட்ட ரிக்ஸிடம் வந்து உண்மையைச் சொல்கிறான்: அது விபத்து இல்லை, நாங்கள்தான் செய்தோம், குறிவைத்தது உன்னை, வண்டியில் இருந்தது அவள். ஒரே வசனத்தில் துக்கத்துக்கு முகவரி எழுதியாயிற்று. முகவரி இருந்தால் போய்ச் சுடலாம். முதல் பாகத்தை மற்ற ஆக்‌ஷன் படங்களிலிருந்து பிரித்து நிறுத்தியது எதுவோ அதை இரண்டாம் பாகம் பின்னோக்கிப் போய் அழித்துவிட்டது. இத்தனைக்கும் சற்று முன்னால்தான், மர்ட்டாவின் மனைவி டிரிஷ் துணி துவைக்கும்போது ரிக்ஸின் பையிலிருந்து ஒரு தங்கப் பேனாவை எடுத்துக் கொடுக்க, அவன் மனைவி இறந்த நாளைப் பற்றி மெதுவாகச் சொல்லும் அழகான காட்சி ஒன்று வருகிறது. அந்தக் காட்சியை எழுதியவர்களே இதையும் எழுதினார்கள்.

அதுவும் போதவில்லை என்று ரிக்கா. பாட்ஸி கென்ஸிட் நடித்த, ரட்டின் அலுவலகச் செயலாளர். ரிக்ஸோடு ஒரு மாலை, ஒரு இரவு, ஹெலிகாப்டரில் வந்து டிரெய்லரைச் சல்லடையாக்கும் தாக்குதலிலிருந்து ஒரு தப்பித்தல். அடுத்து அவள் தண்ணீருக்குள் பிணம். நிறவெறி அரசின் அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டே அதை வெறுக்கும் வெள்ளைக்காரப் பெண் என்பது எவ்வளவு வளமான பாத்திரம்! அவளுக்குத் தெரிந்த கோப்புகள், அவள் எடுக்கவேண்டிய முடிவு, அவளுக்குத் திரும்பிப்போக ஊர் இல்லாமல் போவது எதையும் படம் கேட்கவில்லை. ரிக்ஸின் கோபத்துக்கு எரிபொருளாக அவளை ஊற்றிவிட்டது. இது நமக்குப் பழகிய கதை. 'சாமி ஸ்கொயர்' முதல் படத்தின் ஆறுச்சாமியையும் அவர் மனைவியையும் சேர்த்தே கொன்று, மகனுக்குப் பழிவாங்கும் வேலை கொடுத்தது. முதல் பாகத்தில் ரசிகன் யாரை நேசித்தானோ அவர்களைக் கொன்று இரண்டாம் பாகத்துக்குச் சூடேற்றுவது லேசான வேலை. சூடு வரும். ஆனால் அடுத்த ரீலில் அந்த மரணத்தைப் பற்றி யாரும் பேசமாட்டார்கள், பேசவும் நேரம் இருக்காது.

சக போலீஸ்காரர்கள் ஒவ்வொருவராகக் கொல்லப்படும் பகுதியும் இப்படித்தான். 'ஏலியன்ஸ்' படத்தில் அசத்திய ஜெனட் கோல்ட்ஸ்டீன் இதில் ஒரு போலீஸ் அதிகாரி. நீச்சல் குளத்தின் டைவிங் பலகையில் ஏறியதும் வெடித்துச் சிதறுகிறார். எத்தனை பேர் செத்தார்கள் என்று விரல்விட்டு எண்ணலாம், பெயர் கேட்டால் தெரியாது.

இங்கே ஷேன் பிளாக்கின் வரைவுக்குத் திரும்பவேண்டியிருக்கிறது. அவருடைய முடிவு நல்லதா என்று தீர்ப்புச் சொல்வது இந்த மடலின் வேலையல்ல. எடுக்காத படத்தைப் புகழ்வது சுலபம். ஆனால் அவர் எந்த இடத்தில் கணக்குப் போட்டார் என்பது தெரிகிறது. பெரிதாக்கு என்று சொன்னபோது அவர் பெரிதாக்கியது, ரிக்ஸ் கொடுக்கவேண்டிய விலையை. முதல் பாகத்தில் சாக ஆசைப்பட்டவன், வாழ ஆசை வந்த பிறகு சாகிறான். அந்தச் சாவை எடுத்தவர்கள், துக்கத்தின் எடை குறைந்துவிடக்கூடாது என்று பயந்து, அதே எடைக்கு இரண்டு பெண்களின் சாவை உள்ளே வைத்தார்கள். நாயகனைக் காப்பாற்றிய பில் அவர்கள் பெயருக்குப் போனது.

அளவைப் பெரிதாக்குவது மட்டுமே என்றால் எங்கே போய் நிற்கும் என்பதற்கு மைக்கேல் பே சாட்சி. 1995-இல் அவர் எடுத்த 'பேட் பாய்ஸ்' 1.9 கோடி டாலர் படம். 2003-இல் இரண்டாம் பாகம் 13 கோடி. ஓடும் நேரம் இரண்டரை மணிக்குக் கொஞ்சம் குறைவு. கடைசியில் கியூபாவின் மலைச்சரிவில் ஏழைகளின் குடிசைகளைப் பிய்த்துக்கொண்டு ஒரு ஹம்மர் இறங்குகிறது. 1985-இல் ஜாக்கி சான் 'போலீஸ் ஸ்டோரி'யில் இதே மாதிரி ஒரு குடிசைச் சரிவுத் துரத்தலை எடுத்திருந்தார். ஜாக்கியின் காட்சியில் நாம் ஒரு மனிதனைப் பார்க்கிறோம். பேயின் காட்சியில் செலவைப் பார்க்கிறோம். 2014-இல் வந்த '22 ஜம்ப் ஸ்ட்ரீட்' இந்த நோயையே நகைச்சுவையாக்கியது: போனமுறை செய்ததையே திரும்பச் செய்யுங்கள், இந்தமுறை பணம் மட்டும் அதிகம் என்று மேலதிகாரியே நாயகர்களிடம் சொல்லி அனுப்புவார். அந்தக் காட்சியை எங்கிருந்தாவது தேடி உங்கள் தயாரிப்பாளருக்குப் போட்டுக் காட்டலாம், வேலை போகாது என்ற உத்தரவாதம் இருந்தால்.

கடைசியாகக் கணக்கு, அதைச் சொல்லாமல் விட்டால் இந்த மடல் நேர்மையாக இருக்காது. 'லீத்தல் வெப்பன் 2' உலகம் முழுக்க சுமார் 22.7 கோடி டாலர் வசூலித்தது, முதல் பாகத்தைப்போல ஏறக்குறைய இரண்டு மடங்கு. அந்த ஆண்டு அமெரிக்க வசூலில் 'பேட்மேன்', மூன்றாவது 'இண்டியானா ஜோன்ஸ்' இரண்டுக்கும் அடுத்த இடம் இதற்குத்தான். அந்த 'இண்டியானா ஜோன்ஸ்' திரைக்கதையும் ஜெஃப்ரி போம் எழுதியதே. ரிக்ஸ் செத்திருந்தால் 1992-இல் வந்த மூன்றாம் பாகம் இல்லை. அது 30 கோடி டாலரைத் தாண்டியது. ஷேன் பிளாக்கின் முடிவை மறுத்தவர்கள் கணக்கில் தோற்கவில்லை. இந்த எண்களை டிஸ்கஷனில் யாராவது எடுத்துப் போட்டு உங்கள் வாயை அடைக்கப் பார்த்தால், 1998-இல் வந்த நான்காம் பாகத்தின் எண்களையும் பக்கத்தில் எழுதச் சொல்லுங்கள். அதன் செலவு 10 கோடி டாலருக்கு மேல், வசூல் சுமார் 28 கோடி. முதல் பாகம் போட்ட பணத்தைப்போல எட்டு மடங்கு எடுத்தது. நான்காவது மூன்று மடங்கைக்கூடத் தொடவில்லை.

இப்படிக்கு,
இரண்டாம் பாகங்களுக்கும் டிக்கெட் எடுக்கும் ஒரு ரசிகர்